முகத்தைக் காட்டாமல் தன்னைப் படமெடுப்பது: சேலத்திலிருந்து தொடங்குபவர்களுக்கு

ஏற்காடு பேருந்தில் சன்னல் கண்ணாடி ஏறவில்லை. குளிர்காற்று நேராக அம்மாவின் முகத்தில் அடித்தது. கையிலிருந்த கைப்பேசியை அம்மாவின் மடியில் இருந்த மஞ்சப்பைமேல் சாய்த்துவிட்டுக் கண்ணாடியோடு மல்லுக்கட்டினேன். பதிவை நிறுத்திவிட்டதாகத்தான் நினைப்பு. ராத்திரி வீட்டில் போட்டுப் பார்த்தபோதுதான் தெரிந்தது, நிறுத்தவே இல்லை. மொத்தம் 38 நிமிடம். படத்தில் இருந்ததெல்லாம் சேலைக் கரை, பையின் காது, வளைவுக்கு வளைவு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாறி விழுகிற வெளிச்சம். ஒலியில் அம்மா கொண்டை ஊசி வளைவுகளை எண்ணிக்கொண்டு வந்தார்.

“பதினஞ்சு. கல்யாணமாகி எறங்குன அன்னிக்கு இங்கதான் வண்டிய நிறுத்தச் சொன்னேன். ஒரே ஒரு தடவ திரும்பிப் பாத்துக்கறேன்னு. நிறுத்தல.” கொஞ்ச நேரம் வெறும் இன்ஜின் சத்தம். “பதினேழு.”

அம்மா பிறந்தது ஏற்காடு மலையில் நாகலூர்ப் பக்கம். சின்ன வயதில் எஸ்டேட்டில் காபிப் பழம் பறித்தவர். சேலத்துக்கு வாழ்க்கைப்பட்டு வந்த பிறகு முப்பது வருடத்துக்கு மேல் மலையேறவில்லை. மொட்டை மாடியில் துணி காயப்போடும்போது மட்டும் சேர்வராயன் மலையைப் பார்ப்பார். நான் அப்போது எடுத்துக்கொண்டிருந்தது காபி அறுவடை பற்றிய ஆவணப்படம். நாலு மாதம் அலைந்து பழம், குருவி, பனிமூட்டம் எல்லாம் சேர்த்து வைத்திருந்தேன். அம்மாவைத் துணைக்குத்தான் கூட்டிப்போனேன். கடைசியில் 29 நிமிடப் படத்தில் 9 நிமிடம் அந்தச் சேலைக் கரைதான் ஓடுகிறது. சேர்த்து வைத்திருந்த குருவிகளில் ஒன்றுகூட இல்லை.

அதன்பிறகு தன்னைப் பற்றியே ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிற பலர் என்னிடம் வழி கேட்டார்கள். அவர்களுக்குச் சொன்னதையெல்லாம் இங்கே ஒரே இடத்தில் எழுதுகிறேன். கையில் ஒரு கைப்பேசி, வார விடுமுறை, சேலத்தில் ஒரு வீடு இருந்தால் தொடங்கலாம்.

முதல் படி: “நான் யார்” என்று தொடங்காதீர்கள்

தன்னைப் படமெடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் கேமராவை முகத்துக்கு நேரே வைத்து, பிறந்த ஊரிலிருந்து பேசத் தொடங்குகிறார்கள். ஐந்து நிமிடத்தில் பேச்சு தீர்ந்துவிடும். எனக்கும் தீர்ந்தது.

அதற்குப் பதிலாக ஒரு நோட்டில், உங்கள் உடம்புக்குப் பழகிய பத்து விஷயங்களை எழுதுங்கள். “நான்” என்ற சொல் அதில் வரக்கூடாது. என் பட்டியலில் இருந்தவை சில: அப்பா கொலுசு பற்றவைக்கும்போது வரும் சூட்டு வாசனை. செவ்வாய்ப்பேட்டைச் சந்தில் சைக்கிளைச் சாய்த்துத் திருப்புகிற இடம். தட்டுவடை செட்டில் காரம் ஏறியதும் மூக்கில் வருகிற தண்ணீர். மாடியிலிருந்து தெரியும் மலை, மழைக்கு முந்தைய நாள் பக்கத்தில் வந்துவிட்டதுபோலத் தெரிவது.

இப்போது அந்தப் பத்தில் எதைப் பற்றி உங்கள் வீட்டில் யாரிடமாவது கேட்கத் தயங்குகிறீர்கள் என்று பாருங்கள். எனக்கு அது மலை. அம்மா ஏன் திரும்பப் போகவில்லை என்று நான் கேட்டதே இல்லை. தயக்கம் இருக்கிற இடத்தில்தான் உங்கள் படம் இருக்கிறது. கேள்வியை ஒரே வரியில் எழுதி, கைப்பேசி உறைக்குள் மடித்து வைத்துக்கொள்ளுங்கள். படப்பிடிப்பு நடுவில் குழம்பும்போது எடுத்துப் பார்க்க உதவும்.

இரண்டாம் படி: முன்னால் போனவர்களைப் பாருங்கள்

பாடம் படிக்க அல்ல, துணிச்சலுக்கு. என்னைத் தூக்கி நிறுத்தியவர்கள் சிலரை மட்டும் சொல்கிறேன்.

பிரான்சின் ஆக்னஸ் வர்தா, எழுபது வயதைக் கடந்த பிறகு ஒரு சின்ன டிஜிட்டல் கேமராவை எடுத்துக்கொண்டு, அறுவடை முடிந்த வயலிலும் சந்தை கலைந்த தெருவிலும் மிச்சத்தைப் பொறுக்கி வாழ்பவர்களைத் தேடிப் போனார். 2000இல் வந்த படம். போகிற வழியில் ஒரு கையால் கேமராவைப் பிடித்து, மறு கையின் சுருக்கங்களைப் படமெடுக்கிறார். தானும் ஒரு பொறுக்கி எடுப்பவள்தான், படங்களைப் பொறுக்குகிறேன் என்பதுபோல. அதே படத்தில், கேமராவை அணைக்க மறந்து நடந்தபோது லென்ஸ் மூடி தொங்கி ஆடியது பதிவாகிவிட்டது. அதை வெட்டி எறியாமல், இசை சேர்த்து மூடியின் நடனமாகவே வைத்தார். என் சேலைக் கரையை அழிக்கப்போன விரலைத் தடுத்தது அந்த லென்ஸ் மூடிதான்.

அமெரிக்காவின் ராஸ் மெக்கெல்வீ, உள்நாட்டுப் போரில் ஜெனரல் ஷெர்மன் படை நடத்திப் போன பாதையைப் படமெடுக்கக் கிளம்பியவர். கிளம்பும் நேரத்தில் காதல் முறிந்தது. வழியில் சந்தித்த பெண்களும் தன் தனிமையுமே படமாகிவிட்டன. 1986இல் வந்த அந்தப் படத்தில் ஜெனரல் அவ்வப்போது எட்டிப் பார்ப்பதோடு சரி. காபி அறுவடைக்குப் போய் அம்மாவோடு திரும்பிய எனக்கு அது பெரிய ஆறுதல்.

நமக்குப் பக்கத்தில் சென்னையில் ஆர்.வி.ரமணி இருக்கிறார். ஒளிப்பதிவையும் தானே செய்து, எடுக்கப்படுவோரோடு தானும் படத்துக்குள் நடமாடுகிறவர். 2004 சுனாமியில் அவர் கேமரா போய்விட்டது. போன கேமராவின் நினைவையே மையமாக வைத்து 2011இல் ஒரு படம் செய்தார். படமெடுக்கும் கருவிக்கும் எடுப்பவனுக்கும் உள்ள உறவைத் தமிழ்நாட்டுக் கடற்கரையிலிருந்து பேசுகிற படம் அது. வாய்ப்புக் கிடைத்தால் விடாதீர்கள்.

நம் ஊர்ப் பெருமை ஒன்றும் சொல்லியாக வேண்டும். ஏற்காடு சாலையில் 1935இல் டி.ஆர்.சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸில் நூறுக்கும் மேற்பட்ட படங்கள் உருவாயின. 1956இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் அங்கிருந்துதான் வந்தது. இன்று மிஞ்சியிருப்பது அந்த நுழைவாயில் வளைவு. பேருந்தில் மலைக்குப் போகும்போதெல்லாம் அதைக் கடந்துதான் போகிறோம். அவர்கள் மதில் சுவருக்குள் அரண்மனையையும் காட்டையும் கட்டி எழுப்பினார்கள். நமக்கு வீட்டுத் திண்ணை போதும். ஆனால் நேரம் தவறாமை, கணக்கு, திட்டம் ஆகியவற்றில் அந்த நிறுவனத்துக்கு இருந்த கண்டிப்பைக் கொஞ்சம் கடன் வாங்கிக்கொள்ளலாம்.

மூன்றாம் படி: கருவியைத் தயார் செய்யுங்கள்

கேமரா வாங்காதீர்கள். இருக்கிற கைப்பேசி போதும். காசு இருந்தால் முதலில் சட்டையில் குத்துகிற மைக் ஒன்று வாங்குங்கள், கூடவே அதற்குக் காற்று புகாத பஞ்சு உறை. மலையில் காற்று மைக்கில் அடித்தால் அந்தப் பேச்சை எந்த மென்பொருளாலும் முழுதாக மீட்க முடியாது.

நான் முதலில் சறுக்கியது வெளிச்சத்தில். அப்பா வீட்டின் முன்னறையில் டியூப்லைட் வெளிச்சத்தில் கொலுசு பற்றவைப்பார். எடுத்ததைப் பெரிய திரையில் பார்த்தால் கறுப்புப் பட்டைகள் மேலிருந்து கீழே ஓடின. நம் மின்சாரம் வினாடிக்கு 50 சுழற்சி. அதனால் விளக்கு வினாடிக்கு 100 முறை மங்கி எரிகிறது. நம் கண்ணுக்குத் தெரியாதது கேமராவுக்குத் தெரியும். கைப்பேசி கேமராவில் அமைப்புகளை நாமே மாற்றுகிற ப்ரோ மோடுக்குப் போய், ஷட்டர் வேகத்தை (ஒரு ஃபிரேமுக்கு, அதாவது ஒரு தனிப் படத்துக்கு, வெளிச்சம் விழுகிற நேரம்) 1/50 அல்லது 1/100 வினாடி என்று பூட்டினால் பட்டை போய்விடும். வினாடிக்கு 25 ஃபிரேம் வைக்க முடிந்தால் இன்னும் நல்லது. உங்கள் கைப்பேசியில் ப்ரோ மோடு இல்லையென்றால் ஓப்பன் கேமரா, பிளாக்மேஜிக் கேமரா போன்ற இலவசச் செயலிகளில் எது உங்கள் கைப்பேசிக்கு ஒத்துவருகிறது என்று பாருங்கள்.

அடுத்தது வெள்ளை. சேலத்தைச் சுற்றி எங்கு போனாலும் வெள்ளை உங்களை ஏமாற்றும். ஜவ்வரிசி ஆலைக் களத்தில் வெயிலில் பரப்பிய மாவு, மலையில் பனிமூட்டம், வெள்ளிப் பட்டறையின் பளபளப்பு. திரை முழுக்க வெள்ளையைப் பார்த்ததும் கைப்பேசி பயந்து எல்லாவற்றையும் இருட்டாக்கும். நடுவில் நிற்கிறவர் முகம் கரிபூசியதுபோல ஆகிவிடும். திரையில் தெரியும் முகத்தின்மேல் விரலை அழுத்திப் பிடித்து வெளிச்சத்தையும் ஃபோகஸையும் பூட்டிவிட்டுப் பிறகு பதிவைத் தொடங்குங்கள். பனிமூட்டத்தில் இது இரட்டிப்பாக அவசியம். பூட்டாவிட்டால் எதில் ஃபோகஸ் வைப்பதென்று தெரியாமல் கைப்பேசி முன்னும் பின்னும் அலைந்துகொண்டே இருக்கும்.

கணக்கு: சாதாரண ஹெச்டியில் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 8 முதல் 10 ஜி.பி. பிடிக்கும். அன்றன்று எடுத்ததை அன்றிரவே இரண்டு வெவ்வேறு ஹார்டு டிஸ்கில் ஏற்றிவிட்டுத்தான் தூங்க வேண்டும். ஏற்றியதைத் திறந்து ஓட்டிப் பார்த்த பிறகே கைப்பேசியில் அழியுங்கள்.

ட்ரோன் வேண்டாம். அனுமதி, உரிமம் பற்றிய தொல்லைக்காக மட்டும் சொல்லவில்லை. அம்மா அந்த மலையை ஒருநாளும் பறவைபோல மேலிருந்து பார்த்ததில்லை. கீழிருந்து பார்த்தார், நடந்து பார்த்தார், கூடையோடு குனிந்து பார்த்தார். அவருக்கு இல்லாத பார்வையை என் படத்துக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

நான்காம் படி: ஏழு நாள், நாளுக்கு ஒரு நிமிடம்

ஏழு நாளும் ஒரு நிமிடம் மட்டும் எடுங்கள். முகம் வரக்கூடாது. ஆனால் நீங்கள் அதில் இருக்க வேண்டும். எப்படி? நிழலாக. எவர்சில்வர் டம்ளரில் பிம்பமாக. கேமராவுக்குப் பின்னாலிருந்து வரும் மூச்சாக, இருமலாக. கதவைத் தள்ளுகிற கையாக. எதிரே வருகிறவர் உங்களைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பாக.

லித்துவேனியாவிலிருந்து அகதியாக 1949இல் நியூயார்க் வந்த ஜோனஸ் மேக்கஸ், வந்த சில வாரங்களில் கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கினார். அதில் அன்றாடம் கண்ணில் பட்டதைத் துண்டு துண்டாக எடுத்துக்கொண்டே இருந்தார். கதை வேண்டும் என்று காத்திருக்கவில்லை. வருடங்கள் கழித்து அந்தத் துண்டுகளைக் கோத்துத்தான் மணிக்கணக்கான நாட்குறிப்புப் படங்களைச் செய்தார். 2019இல் இறக்கும்வரை அந்தப் பழக்கம் விடவில்லை.

ஏழாம் நாள் ஏழையும் வரிசையாகப் போட்டு, ஒலியை அணைத்துவிட்டு ஒரு முறையும், படத்தை மறைத்துவிட்டு ஒரு முறையும் பாருங்கள். எந்த நிமிடத்தில் உங்களுக்கே கூச்சம் வருகிறதோ அதைக் குறித்து வையுங்கள். அழகாக வந்த நிமிடத்தைவிட அது முக்கியம்.

ஐந்தாம் படி: உங்களைப் பார்க்கிறவர்களைப் படமெடுங்கள்

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு படியை மட்டும் பின்பற்றுவதாக இருந்தால் இதைப் பின்பற்றுங்கள்.

ஆவணப்பட வகுப்புகளில், கேள்வி கேட்பவர் குரலை வெட்டிவிடச் சொல்வார்கள். பதில் சொல்பவர் கேள்வியையும் சேர்த்து முழு வாக்கியமாகப் பேச வேண்டும் என்பார்கள். செய்திக்கு அது சரி. தன்னைப் படமெடுக்கும்போது அது தப்பு. உங்கள் கேள்வி, நீங்கள் கேட்ட தொனி, பதிலுக்குக் காத்திருக்காமல் குறுக்கே விழுந்தது, எல்லாம் அப்படியே இருக்கட்டும். அதுதான் நீங்கள்.

எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். சமையலறையில் அம்மா காபித்தூளில் டிகாக்ஷன் இறக்கிக்கொண்டிருந்தார். மைக் குத்தியாகிவிட்டது. வெளிச்சம் பூட்டியாகிவிட்டது. கேட்டேன்: “அம்மா, நீங்க எஸ்டேட்டுல வேலை செஞ்ச காலத்தப் பத்திக் கொஞ்சம் சொல்லுங்க.”

அம்மா ஃபில்டரிலிருந்து கையை எடுத்தார். என்னைப் பார்த்தார். கேமராவைப் பார்க்கவில்லை, அதற்கு மேலே என் முகத்தை.

“என்ன பாப்பா, புதுசா ‘ங்க’ போடற?”

பிறந்ததிலிருந்து நான் அம்மாவை “நீ” என்றுதான் கூப்பிட்டிருக்கிறேன். அப்பாவுக்குத்தான் “நீங்க”. கேமரா ஓடுகிறது என்றதும் என் வாயில் யாரோ ஒரு தொலைக்காட்சிப் பெண் வந்து உட்கார்ந்துவிட்டாள். அது எனக்குத் தெரியவேயில்லை. அம்மாவுக்கு ஒரு எழுத்தில் தெரிந்துவிட்டது. பத்து வினாடி நான் பேசவில்லை. கைப்பேசி லேசாக நடுங்குவது படத்தில் தெரிகிறது. பிறகு என் குரல், கொஞ்சம் தாழ்ந்து: “ஏம்மா நீ திரும்பப் போகவே இல்ல?”

என் படத்தில் என் முகம் எங்கும் வராது. படம் பார்த்த எல்லோரும் அந்த இடத்தில்தான் உன்னைப் பார்த்தோம் என்றார்கள்.

இதற்குச் செய்ய வேண்டியது சுலபம். கேமராவை முகத்துக்கு முன்னால் பிடிக்காமல் நெஞ்சுக்கு நேரே பிடியுங்கள். எதிரே இருப்பவர் உங்கள் கண்ணைப் பார்த்துப் பேசுவார். பட்டியல் போட்டுக் கேள்வி கேட்காதீர்கள். அவர் கை ஏதாவது வேலை செய்துகொண்டிருக்கும் நேரமாகப் பாருங்கள்: பூ கட்டுவது, வெங்காயம் உரிப்பது, கொலுசில் முத்து கோப்பது. அவர் பேசி முடித்த பிறகும் இருபது வினாடி நிறுத்தாமல் ஓடவிடுங்கள். அந்த இருபது வினாடியில்தான் “சாப்ட்டியா?” என்று கேட்பார்கள்.

அப்பா கொடுத்த பாடம் வேறு. முகத்தை எடுக்கப் போனபோது, “மூஞ்சி எதுக்கும்மா? கைய எடு” என்றார். எடுத்தேன். இரண்டு விரலிலும் சூடு பட்டுப் பட்டு ரேகையே இல்லை. பயோமெட்ரிக் கருவி அவர் விரலை ஏற்காமல் ரேஷன் கடையில் நின்றது எனக்கு அப்போதுதான் புரிந்தது.

வெளியே போக முடியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. ஈரானில் படமெடுக்கத் தடை விதிக்கப்பட்டிருந்தபோது ஜாஃபர் பனாஹி தன் வீட்டுக்குள்ளேயே, தரை விரிப்பில் டேப் ஒட்டி அறைகளைக் குறித்து, எடுக்க முடியாத படத்தை விளக்குவதையே 2011இல் ஒரு படமாக்கினார். அதில் கைப்பேசியில் எடுத்த காட்சிகளும் உண்டு. கைக்குழந்தையோடு வீட்டில் இருப்பவர்களும், படுக்கையில் இருப்பவர்களும் தங்களுக்குப் படம் இல்லை என்று நினைக்க வேண்டாம்.

ஆறாம் படி: மலைக்குப் போகிறவர்களுக்கு

ஏற்காடு ஏறக்குறைய 1500 மீட்டர் உயரம். ஏரி, சீமாட்டி இருக்கை, பகோடா முனை எல்லாவற்றையும் லட்சம் பேர் எடுத்துவிட்டார்கள். கோடை விழா நடக்கும் மே மாதத்தில் அங்கே ஒலிப்பதிவு செய்யவே முடியாது. நவம்பர் முதல் பிப்ரவரி வரை பழம் பறிக்கிற காலம். கோடை மழை விழுந்து சில நாளில் காபி பூக்கும். செடி முழுக்க வெள்ளையாகி, மல்லிகைபோல மணத்து, சில நாட்களிலேயே கருகிவிடும். அதற்குத் தேதி சொல்ல முடியாது. மலையில் யாராவது ஒருவரிடம் நட்பாக இருந்தால், பூத்த அன்று போன் வரும்.

முதல் முறை போகும்போது எதுவும் எடுக்காதீர்கள். இரண்டாம் முறை ஒலி மட்டும் எடுங்கள். தகரக் கூரையில் மழை, வளைவில் பேருந்து ஹாரன், சில்வர் ஓக் மரத்தில் ஏறிய மிளகுக் கொடியைக் காற்று அசைப்பது, எஸ்டேட் லைன் வீட்டில் ரேடியோ. ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் வெறும் சூழல் ஒலியைப் பிடித்து வையுங்கள். வெட்டிய இடத்தை மறைக்கப் படத்தொகுப்பில் அதுதான் கைகொடுக்கும்.

பனிமூட்டத்தில் லென்ஸில் நுண்துளி படியும். பழைய பருத்தி வேட்டித் துண்டு ஒன்று பையில் இருக்கட்டும்.

காப்புக்காட்டுக்குள் படமெடுக்க வனத்துறையிடமும், ரயில் நிலையத்தில் எடுக்க ரயில்வேயிடமும் முன்கூட்டியே அனுமதி வாங்க வேண்டும். எஸ்டேட்டில் உரிமையாளர் அனுமதி. ஆனால் அதோடு முடியவில்லை. உரிமையாளர் பக்கத்தில் நிற்கும்போது பழம் பறிக்கிறவரிடம் “எடுக்கலாமா அக்கா?” என்று கேட்டால் அவரால் மாட்டேன் என்று சொல்ல முடியாது. சாயங்காலம் வேலை முடிந்து வீட்டு வாசலில் உட்கார்ந்திருக்கும்போது போய்க் கேளுங்கள். ஒரு எஸ்டேட்டில் இரண்டு நாள் எடுத்ததை, அப்படிக் கேட்ட பிறகு முழுதாக அழித்தேன். அந்த அக்கா சொன்னது: “மவன் காலேஜு படிக்கறான் கண்ணு. அவன் கூட்டாளிங்க பாத்தா நல்லாருக்காது.” அவர் சொன்னது எனக்குச் சரியாகப் படவில்லை. ஆனாலும் அது அவர் வாழ்க்கை. அழித்துவிட்டு, அழித்ததை அவரிடமே காட்டினேன்.

சேர்வராயன் மலையின் பழங்குடிகளான மலையாளி மக்களின் (கேரளத்தவர் அல்ல) ஊர்களுக்குப் போவதானால் ஊர்ப் பெரியவரைப் பார்க்காமல் கைப்பேசியை எடுக்காதீர்கள். சுற்றுலா வருகிறவர்கள் கேட்காமல் முகத்துக்கு நேரே கேமராவை நீட்டி நீட்டி அவர்கள் சலித்துப்போயிருக்கிறார்கள்.

சம்மதத்தைக் காகிதத்தில் வாங்குவதோடு, அவரவர் வாயால் சொல்லிப் பதிவும் செய்துகொள்ளுங்கள். “பிடிக்கலன்னா எப்ப வேணா எடுக்கச் சொல்லலாம்” என்று நீங்கள் சொல்வதும் அதில் இருக்க வேண்டும். வீட்டார் என்றாலும் விதிவிலக்கு கிடையாது. சொல்லப்போனால் வீட்டாரிடம்தான் இது அதிகம் தேவை. அந்நியர் மாட்டேன் என்று சொல்லிவிடுவார், அம்மா சொல்லமாட்டார்.

ஏழாம் படி: பிழைகளுக்குத் தனி நோட்டு

ஒவ்வொரு நாளும் எடுத்ததை எழுதும்போது ஒரு பக்கத்தைப் பிழைகளுக்கு ஒதுக்குங்கள். தவறி ஓடியது, சாய்ந்து விழுந்தது, யாரோ குறுக்கே வந்தது, விரல் மறைத்தது. தேதி, நேரம், என்ன பிழை, பின்னணியில் என்ன ஒலி. உடனே எதையும் அழிக்காதீர்கள். மூன்று வாரம் கழித்து அந்தப் பக்கத்தை மட்டும் வைத்துக்கொண்டு பாருங்கள். பிழைகள் எல்லாமே நல்லவை என்று சொல்லமாட்டேன், பெரும்பாலானவை வெறும் பிழைதான். நான் எழுதிய நாற்பத்து மூன்றில் இரண்டுதான் படத்துக்குள் வந்தது. நீங்கள் எடுக்க நினைக்காததை கேமரா பார்த்திருக்கிறதா என்று மட்டும் கேளுங்கள். வேண்டுமென்றே கேமராவை ஆட்டிப் பிழைபோலச் செய்தால் முதல் வினாடியிலேயே தெரிந்துவிடும்.

எட்டாம் படி: படத்தொகுப்பு

கணினியைத் திறக்குமுன் பேச்சு முழுவதையும் கையால் எழுதுங்கள், வட்டார வழக்கு மாறாமல், ம், ஆங் உட்பட. எனக்கு இது ஆறு வாரம் பிடித்தது. அலுப்பான வேலைதான், ஆனால் படம் உண்மையில் இங்குதான் பிறக்கிறது. எழுதியதைத் துண்டு துண்டாக வெட்டித் தரையில் பரப்பி வரிசை மாற்றிப் பாருங்கள்.

மென்பொருளுக்கு டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு போதும். பழைய கணினி என்றால் கேடென்லைவ். கைப்பேசிக் காணொளியில் ஃபிரேம் வேகம் சீராக இருக்காது. நீண்ட காட்சியில் உதடும் குரலும் விலகிப்போகும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் நிலையான ஃபிரேம் வேகத்துக்கு மாற்றிவிட்டுப் பிறகு தொகுப்புக்குள் கொண்டுவாருங்கள்.

பின்னணிக் குரல் தேவைப்பட்டால் எழுதிப் படிக்காதீர்கள். ஒரு சிநேகிதியை எதிரே உட்காரவைத்து அவளிடம் சொல்லுங்கள், அதைப் பதிவு செய்யுங்கள். “அவள் மலையிலிருந்து இறங்கினாள், ஆனால் மலை அவளிடமிருந்து இறங்கவில்லை” என்று நான் எழுதி வைத்திருந்த வரி அப்போது அழகாகத்தான் பட்டது. சிநேகிதியின் முகத்தைப் பார்த்துக்கொண்டு அதைச் சொல்ல வாய் வரவில்லை. வெட்டிவிட்டேன். இசை குறைவாக. அம்மா பேசும் இடத்தில் சுத்தமாக வேண்டாம்.

உங்களைப் பற்றி நல்லவிதமாக மட்டும் காட்டுகிற ஒரு தொகுப்பு தானாகவே உருவாகிவிடும். கவனமாக இருங்கள். அம்மா எண்ணிக்கொண்டு வந்தபோது, பின்னணியில் நான் கண்டக்டரிடம் சன்னலுக்காகச் சண்டை போடுகிற குரல் இரண்டு இடத்தில் கேட்கிறது. பேருந்தில் அவர் பேசியது எதையும் நான் கேட்கவில்லை என்பதற்கு அது சாட்சி. முதல் தொகுப்பில் அதை நீக்கியிருந்தேன். இறுதித் தொகுப்பில் திரும்பச் சேர்த்தேன்.

ஒன்பதாம் படி: காட்டுவது

திரையரங்கில் பொதுமக்களுக்குக் காட்ட தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். விழாக்களுக்குத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடமிருந்து விலக்கு பெறும் வழி உண்டு, விழா நடத்துபவர்களே பார்த்துக்கொள்வார்கள். நமக்கு எட்டும் தூரத்தில் திருவனந்தபுரத்தில் கேரளச் சலச்சித்திர அகாதமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழா இருக்கிறது. மும்பையில் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை சர்வதேச விழா நடக்கிறது. அனுப்புங்கள். ஆங்கில வசனவரியை மட்டும் அவசரத்தில் செய்யாதீர்கள். “பாப்பா” என்பதற்கு எனக்கு இன்னும் சரியான சொல் கிடைக்கவில்லை.

ஆனால் எந்த விழாவுக்கும் முன்னால், படத்தில் இருப்பவர்களுக்குத்தான் முதல் காட்சி. வீட்டுச் சுவரில் வெள்ளை வேட்டியைக் கட்டி, வாடகை புரொஜெக்டரில் போட்டால் போதும். அப்போது மூலையில் ஒரு ரெக்கார்டரை ஓடவிடுங்கள், எல்லோருக்கும் சொல்லிவிட்டு. பார்த்துக்கொண்டே அவர்கள் பேசுவதுபோலப் பிறகு பேசமாட்டார்கள்.

எங்கள் வீட்டில் அப்பா, சித்தி, பக்கத்து வீட்டு அக்கா, மலையிலிருந்து வந்த மாமா குடும்பம், மொத்தம் பதினான்கு பேர். சேலைக் கரை ஓடிய ஒன்பது நிமிடமும் யாரும் பேசவில்லை. விளக்குப் போட்டதும் மாமா கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் அம்மா முகத்தைப் பார்த்தேன். அம்மா விரலை மடக்கி எதையோ சரிபார்த்துக்கொண்டிருந்தார்.

“பதினாற விட்டுட்டேன் பாரு பாப்பா.”

ரெக்கார்டரில் அது தெளிவாகப் பதிவாகியிருந்தது. கடைசியில் பெயர்கள் ஓடும்போது, கறுப்புத் திரையில், அந்த ஒரு வரியைச் சேர்த்திருக்கிறேன்.